பேசாப் படங்களில் இல்லறச் சிரிப்பு

வரலாறு என்றவுடன் நம் நினைவுக்கு வருவன அரியணைகளும் போர்க்களங்களுமே. கோட்டை கட்டிய மன்னனின் பெயரைக் கல்லில் வெட்டி வைத்தார்கள். அந்தக் கோட்டை நிழலில் குடியிருந்த ஒரு குடும்பம் மாலைப் பொழுதில் எதைச் சொல்லிச் சிரித்தது என்பதை எழுதி வைப்பாரில்லை. சிரிப்பு அற்பமானது, அதிலும் வீட்டுச் சிரிப்பு மிகவும் அற்பமானது என்று கருதப்பட்டதே இதற்குக் காரணம். ஒரு சமுதாயம் எதைக் கண்டு அழுதது என்பதை அறிவதைப் போலவே, எதைக் கண்டு சிரித்தது என்பதை அறிவதும் அதன் வாழ்வை அறிவதேயாகும்.

பேசாப்படக் காலத்தில் எடுக்கப்பட்ட சிறு படங்களில் இல்லறத்தை வைத்து எழுந்த நகைச்சுவையைப் பற்றி இங்குச் சிறிது ஆராய்வோம். பயாஸ்கோப்புக் கொட்டகையின் பக்கம் போகலாகாது என்று நம் பெரியோர்கள் கண்டித்து வந்ததை வாசகர்கள் அறிவார்கள். அக்கண்டிப்பின் நியாயங்களை எடைபோடுவது இக்கட்டுரையின் நோக்கமன்று. நாம் எடுத்துக்கொண்டது வரலாறு. அந்த வரலாற்றில் நம் காவிரிக் கரை வீடுகளுக்கும் ஒரு பங்கு உண்டு என்பதைக் காட்டுவதே நம் கருத்து.

திரைக்கு முந்திய திரை

வீட்டு நடப்பை வைத்து நகைச்சுவை படைப்பது அரபு இலக்கியத்துக்குப் புதிதன்று. பஸராவில் வாழ்ந்து ஹிஜ்ரி 255-இல் (கி.பி. 869) மறைந்த அல்-ஜாஹிழ், கருமிகளைப் பற்றியே 'கிதாபுல் புகலா' என்றொரு நூலை எழுதினார். அதில் ஒரு நிகழ்ச்சி. குராசானியர் சிலர் ஓரிடத்தில் கூடித் தங்குகிறார்கள். விளக்கெண்ணெய்ச் செலவுக்கு எல்லோரும் பங்கு போட, ஒருவர் மட்டும் தர மறுக்கிறார். மற்றவர்கள் சண்டையிடவில்லை. விளக்கு எரியும் நேரமெல்லாம் அவர் கண்ணைத் துணியால் கட்டிவிடுகிறார்கள். விளக்கை அணைத்துப் படுக்கும்போதுதான் கட்டை அவிழ்க்கிறார்கள். இதைப் படிக்கும்போது காட்சி கண்முன் நிற்கிறது. ஒரு சொல்லும் பேசாமலே இதை நடித்துக் காட்டிவிடலாம்.

வெள்ளைத் துணியில் நிழலை ஓட விட்டு வீட்டுக் கதை சொல்லும் வழக்கமும் பழமையானதே. மவ்ஸிலில் பிறந்து கெய்ரோவில் கண் மருத்துவராக இருந்த இப்னு தானியால், கி.பி. 1310 அளவில் மறைந்தவர். அவர் இயற்றிய மூன்று நிழல் நாடகங்கள் நமக்குக் கிடைத்துள்ளன. அவற்றுள் 'தைஃபுல் கயால்' என்பது ஒரு கல்யாணக் கதை. விஸால் என்னும் படைவீரர் பழைய நடத்தையை விட்டுத் திருந்தி இல்லறம் நடத்த விரும்புகிறார். உம்மு ரஷீத் என்னும் தரகுக்காரி ஓகோ என்று புகழ்ந்து ஒரு பெண்ணைப் பேசி முடிக்கிறாள். முகத்திரை விலகும்போதுதான் மாப்பிள்ளைக்கு உண்மை தெரிகிறது. கொச்சையான பேச்சு நிறைந்த நாடகம் இது. எனினும், கல்யாணத் தரகின் பொய்யை எழுநூறு ஆண்டுகளுக்கு முன்பே திரையில் ஏற்றிச் சிரித்திருக்கிறார்கள் என்பது நோக்கத்தக்கது.

நம் தஞ்சைத் தரணிக்கும் இத்தகைய திரை புதிதன்று. மராட்டிய மன்னர்கள் தஞ்சையை ஆண்ட காலத்தில் மராத்தி பேசும் தோற்பாவைக் கூத்துக் குடும்பங்கள் தமிழகத்துக்கு வந்தன என்பது ஆய்வாளர் கருத்து. விளக்கொளியில் இராமாயணக் கதை நடந்துகொண்டிருக்கும்போதே உச்சிக்குடும்பன், உளுவத்தலையன் என்னும் இருவர் இடையே புகுந்து ஊர்ப் பேச்சாலும் வீட்டுச் சண்டையாலும் மக்களைச் சிரிக்க வைப்பார்கள். பெரிய கதைக்கு நடுவே ஒரு சிறிய சிரிப்பு என்னும் இந்த அமைப்பை வாசகர்கள் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டுகிறோம். திரைப்படத்திலும் இதையே காணப்போகிறோம்.

ஐம்பது விநாடிச் சிரிப்பு

1895-ஆம் ஆண்டு டிசம்பர் 28-ஆம் நாள் பாரிஸ் மாநகரின் ஒரு காப்பிக்கடையில் லூமியேர் சகோதரர்கள் கட்டணம் வாங்கிக்கொண்டு படம் காட்டினார்கள். மொத்தம் பத்துப் படங்கள். ஒவ்வொன்றும் ஏறத்தாழ 50 விநாடி. அவற்றுள் ஒன்று அகஸ்த் லூமியேரும் அவர் துணைவியாரும் தம் பெண் குழந்தைக்கு உணவூட்டும் காட்சி. மற்றொன்று தோட்டக்காரர் ஒருவர் செடிகளுக்கு நீர் பாய்ச்சும் காட்சி. ஒரு சிறுவன் பின்னால் வந்து குழாயை மிதிக்கிறான், நீர் நிற்கிறது. தோட்டக்காரர் குழாயின் வாயை உற்றுப் பார்க்கிறார். சிறுவன் காலை எடுக்கிறான். நீர் அவர் முகத்தில் பீறிடுகிறது. லூமியேர் குடும்பத்துத் தோட்டக்காரரே இதில் நடித்தார். திரைப்பட நகைச்சுவை பிறந்ததே ஒரு வீட்டுத் தோட்டத்தில்தான் என்று கூறினும் பொருந்தும்.

அந்தக் குழந்தை வளர்ந்து, 1918-இல் உலகை உலுக்கிய விஷக் காய்ச்சலில் தம் இருபத்து நான்காம் வயதில் மறைந்துவிட்டார். ஆனால் தாயும் தகப்பனும் இரு பக்கமும் இருக்க, கையில் கொடுத்த பிஸ்கோத்தை வைத்துக்கொண்டு விழித்த அந்த ஐம்பது விநாடி இன்றும் இருக்கிறது. ஒரு வீட்டின் சாதாரண வேளையைப் பதிந்து வைப்பதன் மதிப்பு இதனால் விளங்கும்.

பின்னர் படங்கள் சற்று நீண்டன. ஒரு சுருள், அதாவது பத்து அல்லது பதினைந்து நிமிடம் என்பது பல ஆண்டுகள் வழக்கமாக இருந்தது. இந்தச் சிறிய அளவுக்குள் அடங்கக்கூடிய கதை எது? கோட்டையும் படையும் அடங்கா. ஓர் அறை, ஒரு கதவு, ஓர் அலமாரி, கணவன், மனைவி, வேலைக்காரர், வந்து சேரும் மாமியார் ஆகியவை எளிதில் அடங்கும். செலவும் குறைவு. பேச்சும் வேண்டியதில்லை. கதவுக்குப் பின்னால் ஒளிந்து நிற்கும் கணவனைக் கண்டால் எந்த நாட்டாருக்கும் பொருள் விளங்கிவிடும்.

பிரான்சு நாட்டில் ஆலிஸ் கீ என்னும் பெண்மணி 1896 முதற்கொண்டே படங்களை இயக்கி வந்தார். 1906-இல் அவர் எடுத்த ஒரு படத்தில் உலகம் தலைகீழாக மாறிவிடுகிறது. ஆண்கள் தைக்கிறார்கள், துணி தேய்க்கிறார்கள், குழந்தையைச் சுமக்கிறார்கள். பெண்கள் கடையில் அமர்ந்து குடித்துக்கொண்டு அதிகாரம் செய்கிறார்கள். இறுதியில் ஆண்கள் பொறுமை இழந்து கிளர்ந்தெழுந்து கடையைக் கைப்பற்றுகிறார்கள். இந்தத் துன்பத்தை ஆண்கள் சில நிமிடமே தாங்கினார்கள் என்றால், நாள்தோறும் அதைத் தாங்குபவர் யார் என்னும் கேள்வி பார்ப்பவர் மனத்தில் தானே எழுகிறது.

அதே நாட்டில் பாத்தே நிறுவனத்தின் மாக்ஸ் லிண்டர், மேலங்கியும் உயர்ந்த தொப்பியும் அணிந்த நாகரிக இளைஞராக வந்து, காதலிலும் கல்யாணத்திலும் மாமியாரிடத்திலும் அகப்பட்டு விழித்தார். அமெரிக்காவில் வைட்டாகிராஃப் நிறுவனம் 1910 முதல் 1915 வரை ஜான் பன்னி என்னும் பருத்த நடிகரையும் ஃப்ளோரா ஃபின்ச் என்னும் ஒல்லியான நடிகையையும் கணவன் மனைவியாக்கிப் பல படங்களை வெளியிட்டது. 1912-இல் வந்த ஒரு படத்தில், சீட்டாட்டத்தில் பணத்தைத் தோற்ற கணவன் இனி ஆடுவதில்லை என்று மனைவியிடம் வாக்களிக்கிறான். ஆனால் ஏதோ சங்கக் கூட்டம் என்று பொய் சொல்லி வாரந்தோறும் ஆட்டத்துக்குப் போகிறான். தூக்கத்தில் உளறி அகப்பட்டுக்கொள்கிறான். மனைவி அவனிடம் ஒன்றும் கேட்கவில்லை. தன் உறவினரையும் அவருடைய நண்பர்களையும் போலீஸ்காரர் உடையில் அனுப்பி ஆட்டக்காரர்களை வளைக்கச் செய்கிறாள். பின்னர் 'போலீஸ்காரர்கள்' அவரவரை அவரவர் மனைவியரிடம் ஒப்படைத்துவிட்டுப் போகிறார்கள்! இப்படம் அழியாமல் காக்கப்பட்டு, 2011-இல் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டிலும் சேர்க்கப்பட்டது.

இங்கே ஒன்றைப் பிரித்தறிய வேண்டும். தரகுக்காரி கொண்டுவந்த பெண்ணின் முகத்தைக் கண்டு சிரிப்பது ஒரு சிரிப்பு. வாக்குத் தவறிய குடும்பத் தலைவன் அகப்பட்டுக்கொள்வதைக் கண்டு சிரிப்பது வேறொரு சிரிப்பு. முன்னது எளியவரின் மேல் விழுகிறது. பின்னது அதிகாரம் உடையவரின் பொய்யைத் தொடுகிறது. பரிகாசத்தைத் தடுக்கும் அல்-ஹுஜுராத் அத்தியாயத்தின் திருவசனம் ஆண்களையும் பெண்களையும் தனித்தனியே குறித்து எச்சரிப்பதை நாம் அறிவோம். அந்த அளவுகோலை வைத்துப் பார்த்தால் பழைய சிறு படங்களில் பல தேறா. பருத்த உடலையும் வேலைக்காரரின் நிறத்தையும் மாமியாரின் முதுமையையும் இழித்துச் சிரித்த படங்கள் ஏராளம். தேறியவை சிலவே. அந்தச் சிலவே இன்றும் பார்க்கத் தக்கவையாக நிற்கின்றன.

காவிரிக் கரைக்கு வந்த வழி

நாகப்பட்டினத்தில் தொடங்கிய இருப்புப் பாதை தஞ்சை வழியாக 1862-இலேயே திருச்சிராப்பள்ளியை எட்டிவிட்டது. கடல் கடந்து வந்த பொருள் எதுவும் சில மணி நேரத்தில் டெல்டாவின் உள்ளே புகுந்துவிடும். படப்பெட்டியும் அவ்வாறே புகுந்தது.

1905-இல் இலங்கையிலிருந்து வந்து ஊர் ஊராகப் படம் காட்டிக்கொண்டிருந்த துய்பான் என்னும் பிரெஞ்சுக்காரர் நோயுற்றுத் திருச்சியில் தங்க நேர்ந்தது. அங்கே தென்னிந்திய ரயில்வேயில் படவரைவாளராக வேலை பார்த்த சாமிக்கண்ணு வின்சென்ட் என்னும் இளைஞர் அவருடைய கருவியையும் படங்களையும் விலைக்கு வாங்கிக்கொண்டார். வேலையை விட்டார், கூடாரம் கட்டினார். ஏசுநாதரின் வாழ்க்கையைக் காட்டும் படமும் வேறு சிறு படங்களும் அவர் கையில் இருந்தன. தெற்கே தொடங்கிய அவர் பயணம் பெஷாவர் வரையில் நீண்டது. தமிழர் ஒருவர் நடத்திய முதல் ஊர்சுற்றும் படக்கொட்டகை காவிரிக் கரையில்தான் தோன்றியது என்பது நமக்குப் பெருமையே.

மின்சாரம் எட்டாத ஊர்களில் வாயு விளக்கின் ஒளியில், கையால் சுழற்றும் கருவியைக் கொண்டு இப்படங்கள் காட்டப்பட்டன. அறுவடை முடிந்து, வயல் காய்ந்து, கையில் சிறிது காசு புழங்கும் கோடைக் காலமே கூத்துக்கும் நாடகத்துக்கும் உகந்த காலம். கூடாரக் கொட்டகைக்கும் அதுவே. திரையில் தோன்றும் ஆங்கில எழுத்துகளை மக்கள் படிக்க இயலாது. ஆகவே ஒருவர் பக்கத்தில் நின்று உரத்த குரலில் கதையை விளக்குவார். புராணப் படத்துக்கும் போர்ப் படத்துக்கும் அவர் தேவைப்பட்டார். கணவன் மனைவி சண்டைக்கு அவர் தேவைப்பட்டிருப்பாரா என்பது ஐயமே. சீமைச் சமையலறையில் பாத்திரம் உருண்டாலும் தஞ்சையில் பாத்திரம் உருண்டாலும் ஓசை ஒன்றுதானே!

இந்த வீட்டுக் கதைகளைக் கொட்டகையில் அமர்ந்து பார்த்தவர் பெரும்பாலும் ஆண்களே. நாகூர், கூத்தாநல்லூர், அதிராம்பட்டினம், முத்துப்பேட்டை, ஐயம்பேட்டை, ராஜகிரி முதலிய ஊர்களில் ஆண்களில் பலர் பர்மாவுக்கும் மலாயாவுக்கும் சிங்கப்பூருக்கும் சபர் சென்றவர்கள். மனைவி ஊரிலும் கணவன் கடல் கடந்தும் வாழ்ந்த இல்லறம் அது. இரண்டு மூன்று ஆண்டுக்கு ஒருமுறை பெட்டிகளோடு வந்து இறங்கும் குடும்பத் தலைவரை வீடே எதிர்பார்த்து நிற்கும். வந்த சில நாளிலேயே அவர் அங்கத்திய வழக்கங்களை இங்கே நடத்திப் பார்ப்பார். தேநீரில் குறை சொல்வார். நடுவே நாலு மலாய்ச் சொல்லைக் கலந்து பேசுவார். எதிரே மரியாதையாகத் தலையசைத்துவிட்டு, அடுப்படியில் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பார்கள் பெண்கள். வாப்பா என்று அழைக்கும் வீடானாலும் அத்தா என்று அழைக்கும் வீடானாலும் இந்தச் சிரிப்பு பொதுவானது.

நம்மவர் எடுத்த படங்கள்

இத்தகைய சிரிப்பை நம் நாட்டார் படமாக்கினார்களா?

தாதாசாகேப் பால்கே 1913-இல் வெளியிட்ட 'ராஜா ஹரிச்சந்திரா'வில் தாராமதியாக நடித்தவர் சாளுங்கே என்னும் ஆண். திரையில் நடிக்கப் பெண்கள் முன்வராத காலம் அது. அவருடைய அடுத்த படமான 'மோகினி பஸ்மாசுர'வில்தான் கமலாபாய் கோகலேயும் அவர் தாயார் துர்காபாயும் நடித்தார்கள். இப்புராணப் படத்தோடு 'பீட்டாச்சே பஞ்சே' என்னும் சிறு நகைச்சுவைப் படத்தையும் பால்கே சேர்த்துக் காட்டினார். மாவுக் கைகள் என்று பொருள் கொள்ளத்தக்க இப்பெயரே அடுப்படியை நினைவூட்டுகிறது. தோற்பாவைக் கூத்தின் அமைப்பு இங்கே திரும்பி வருவதைக் காணலாம். பெரிய கதை தெய்வங்களுக்கு. பக்கத்தில் ஒரு சிறிய சிரிப்பு மனிதர்களுக்கு.

வங்கத்தைச் சேர்ந்த தீரேந்திரநாத் கங்குலி அந்தச் சிறிய சிரிப்பையே பெரிய படமாக்கினார். ஹைதராபாத் நிஜாமின் ஆட்சியில் ஓவிய ஆசிரியராக இருந்த இவர், கல்கத்தாவில் எடுத்து 1921-இல் வெளிவந்த 'பிலேத் ஃபேரத்' படத்தில் தாமே நாயகராக நடித்தார். சீமையிலிருந்து திரும்பிய ஓர் இளைஞன், காதலைப் பற்றியும் கல்யாணத்தைப் பற்றியும் தான் கற்று வந்த புதுக் கருத்துகளால் பெற்றோரைத் திகைக்க வைப்பதே கதை. பழைய வீட்டையும் புதிய மோகத்தையும் ஒருங்கே நகையாடிய படம் இது. கங்குலி பின்னர் நெடுங்காலம் வாழ்ந்து, 1975-ஆம் ஆண்டுக்கான தாதாசாகேப் பால்கே விருதையும் பெற்றார்.

கடல் கடந்து சென்று திரும்பியவரும் அவரைக் கண்டு திகைக்கும் வீடும் கல்கத்தாவுக்கு மட்டும் உரியனவா? சபர் முடித்துத் திரும்பிய நம் டெல்டா வீட்டுத் தலைவரின் கதையும் இதுவேயன்றோ? கங்குலியின் கண்ணில் பட்ட வீடு படமாயிற்று. நம் வீடு எவர் கண்ணிலும் படவில்லை.

தமிழகத்தில் நடராஜ முதலியார் 1916-18 அளவில் எடுத்த 'கீசக வதம்' முதல் மௌனப் படமாகக் கருதப்படுகிறது. அது மகாபாரதக் கதை. அவர் தொடர்ந்து எடுத்தவையும் புராணங்களே. பல ஆண்டுகளுக்குப் பின்னரே வீட்டுப் பெண்ணின் நிலை திரைக்கு வந்தது. புதுக்கோட்டைக்காரரான ராஜா சாண்டோ 1930 அளவில் 'பேயும் பெண்ணும்', வை. மு. கோதைநாயகி அம்மாளின் நாவலைத் தழுவிய 'அநாதைப் பெண்' ஆகிய மௌனப் படங்களை இயக்கினார். நம் தஞ்சை மாவட்டத்துப் பாபநாசத்தில் 1904-இல் பிறந்து வழக்கறிஞராகிய கே. சுப்பிரமணியம் திரைத் தொழிலைக் கற்றதும் ராஜா சாண்டோவின் மௌனப் படங்களில் பணியாற்றித்தான். அவர் பிற்காலத்தில் 'தியாகபூமி' போன்ற பேசும் படங்களில் இல்லறத்தின் கண்ணீரைக் காட்டிப் புகழ்பெற்றார். இல்லறத்தின் சிரிப்பையே முழுப் பொருளாகக் கொண்ட மௌனப் படத்துக்குத் தமிழகத்தில் இடம் கிடைக்கவில்லை.

பேசும் படம் வந்த பிறகு அந்தச் சிரிப்புக்கு ஒரு பக்க இடம் கிடைத்தது. 1936-இல் வெளிவந்த 'வசந்தசேனா'வில் சேர்ந்து நடித்த என். எஸ். கிருஷ்ணனும் டி. ஏ. மதுரமும் வாழ்க்கையிலும் கணவன் மனைவியாயினர். பெரிய கதைக்கு நடுவே இருவரும் வந்து வாதாடினார்கள். பெரும்பாலும் மதுரமே வென்றார். பன்னியும் ஃபின்ச்சும் வாயசைத்து நடித்ததை இவர்கள் தமிழில் பேசி நடித்தார்கள் எனலாம்.

எஞ்சியது என்ன?

மௌனப் படக் காலத்தில் இந்தியாவில் எடுக்கப்பட்டவை ஏறத்தாழ 1,300 படங்கள். அவற்றுள் முழுமையாகவோ துண்டாகவோ இன்று எஞ்சியிருப்பவை முப்பதுக்கும் குறைவே. தென்னகத்தில், 1933-இல் நாகர்கோவிலைச் சேர்ந்த சுந்தரராஜ் தயாரித்த 'மார்த்தாண்ட வர்மா' ஒன்றே எஞ்சியது என்பர். புனாவில் தேசியத் திரைப்படக் காப்பகம் நிறுவப்பட்டதே 1964-இல்தான். அதற்குள் சுருள்கள் எரிந்தும் மக்கியும் போயின; சுருளிலிருந்த வெள்ளிக்காக உருக்கப்பட்டும் போயின. எல்லா நாட்டிலும் இந்த அழிவு நேர்ந்திருக்கிறது. அமெரிக்காவில் எடுக்கப்பட்ட ஏறத்தாழ 11,000 முழுநீள மௌனப் படங்களுள் மூல வடிவில் எஞ்சியவை நூற்றுக்குப் பதினான்கே என்று 2013-இல் வெளிவந்த ஆய்வு ஒன்று கணக்கிட்டது.

இந்த அழிவிலும் ஒரு வரிசை இருந்தது. பெரிய படத்தைத் தேடியவர்கள் உண்டு. அதனுடன் காட்டிய பத்து நிமிடச் சிரிப்பைத் தேடியவர் மிகச் சிலர். ஊறுகாயைச் சாப்பாட்டுக் கணக்கில் சேர்ப்பவர் யார்? ஆகவே அடுப்படியும் வாசற்படியும் பதிந்திருந்த அந்தச் சுருள்கள் முதலில் குப்பைக்குப் போயின. அவற்றோடு, நூறு ஆண்டுக்கு முந்திய வீட்டில் யார் யாருக்கு அஞ்சினார்கள், யார் யாரை ஏய்த்தார்கள், யார் யாரை மன்னித்தார்கள் என்பதற்கான சான்றும் போயிற்று. அழுகையில் மனிதர்கள் தங்களை உயர்த்திக் காட்டிக்கொள்வது உண்டு. சிரிப்பில் உண்மை நழுவி விழுந்துவிடுகிறது. அல்-ஜாஹிழ் அந்தக் கருமிகளை எழுதி வைக்காதிருந்தால் அப்பாஸியர் காலத்து வீட்டின் விளக்கொளியை இன்று நாம் எங்கே காண்போம்?

போனவை போகட்டும். நம் கையில் இருப்பவற்றையாவது காப்போம். பேசாப் படம் பார்த்த தலைமுறை இன்று நம்மிடையே இல்லை. அன்றைய தஞ்சை மாவட்டமும் இன்று நான்கு மாவட்டங்களாகப் பிரிந்துவிட்டது. ஆனால் அத்தலைமுறையின் பிள்ளைகள் பலர் இன்னும் திண்ணையில் இருக்கிறார்கள். ரங்கூனிலிருந்து வந்த பாட்டனார் முதல் நாள் என்ன கேட்டார், பாட்டியார் என்ன மறுமொழி சொன்னார், கல்யாண வீட்டில் சம்பந்திகள் எந்த ஏசல் பாட்டைப் பாடி ஒருவரையொருவர் கேலி செய்தார்கள் என்பவை அவர்கள் நினைவில் உள்ளன. குடும்பத்துக்கு ஒரு நோட்டுப் புத்தகம் போதும். பிள்ளைகள் கேட்கட்டும், பெரியவர்கள் சொல்லட்டும், ஒருவர் எழுதட்டும். பிறரைப் புண்படுத்தும் பரிகாசத்தை விட்டுவிடுவோம். தம்மைத் தாமே கண்டு சிரித்துக்கொண்ட சிரிப்பை மட்டும் எழுதி வைப்போம். அதைப் படிக்கும் பேரப்பிள்ளைகள் தங்கள் முன்னோர் எப்படி உழைத்தார்கள் என்பதோடு, எப்படி ஒருவரையொருவர் சகித்து வாழ்ந்தார்கள் என்பதையும் அறிந்துகொள்வார்கள்.